தண்ணீர் வராத நாளில் அடித்த மணி

அப்பா இறந்துவிட்டார். மூச்சுக் கோளாறு. மருத்துவமனையில் விவரம் கேட்டவர், "தொழில்?" என்றார். தம்பி என்னைப் பார்த்தான். "மணி அடிக்கிறவர்" என்றேன். "பள்ளிக்கூடத்திலா?" "இல்லை, முகாமில்." அவர் பேனாவைச் சற்று நேரம் பிடித்துக்கொண்டிருந்துவிட்டு, அந்த இடத்தில் ஒரு கோடு போட்டார்.

கோடு போதாது என்று தோன்றியது. அதனால் எழுதுகிறேன். தொழிற்சாலையில் மின் பராமரிப்பு என் வேலை. என்ன நடந்தது, எது எதனால் நடந்தது என்று மட்டும் எழுதத் தெரியும். அப்பாவும் அதற்கு மேல் பேசியவரில்லை.

நாங்கள் வாழ்ந்த முகாம் ஒரு காலத்தில் பஞ்சு மூட்டைகள் அடுக்கிய கிடங்கு வளாகம். நீளமான கொட்டகைகள், நடுவே வண்டி போக மண்பாதை. எல்லை தாண்டி வந்தவர்களை அதில் இறக்கிவிட்டு, "ஆறு மாசம் பொறுத்துக்கங்க" என்றார்களாம். கொட்டகைகளுக்குள் புடவை கட்டிக் குடும்பம் பிரித்தார்கள். பிறகு புடவை போய் அட்டை வந்தது, அட்டை போய்ப் பலகை வந்தது. ஆறு மாதத்துக்கு என்று சொன்ன இடத்தில் நான் பிறந்து, பல் முளைத்து, விழுந்து, மறுபடி முளைத்தது.

கூரை தார் அட்டை. கிழிந்த இடத்தில் புது அட்டை, அது கிழிந்தால் அதன் மேல் இன்னொன்று. தகரம் போட்டுக்கொள்ள அனுமதி கேட்டபோது, நிரந்தரக் கட்டடம் போலத் தெரியும் என்று மறுத்துவிட்டார்கள். தார் அட்டை எரியும். எரியும்போது உருகிச் சொட்டும். சொட்டு விழுந்த இடமும் எரியும். இது அப்போது யாருக்கும் கவலையாக இல்லை. கூரை ஒழுகாமல் இருந்தால் போதும் என்றிருந்தோம்.

அலுவலகத்தின் முன்னால் ஒரு தண்டவாளத் துண்டு தொங்கியது. மூட்டை வண்டி ஓடிய காலத்து மிச்சம். வந்து இறங்கிய முதல் வாரம், சனத்தைக் கூப்பிட ஆள் தேவைப்பட்டிருக்கிறது. அப்பா அருகில் நின்றிருக்கிறார். கையில் ஓர் இரும்புக் கம்பியைக் கொடுத்து, "அடி" என்றார்கள். அடித்தார். அப்படியே வேலையாகிவிட்டது. தண்ணீர்த் தொட்டியின் வால்வைத் திறந்து மூடுவதும் அவரிடமே வந்தது. பெயர் போய் 'தண்டவாளம்' என்றே ஆனார். எங்களைத் 'தண்டவாளத்துப் பிள்ளைங்க' என்பார்கள். "ரயிலு எப்போ வரும்?" என்று பள்ளியில் கேலி செய்வார்கள்.

முகாமில் எதுவும் அந்த இரும்பைக் கேட்டுத்தான் நடந்தது. ஒலிபெருக்கி இருந்தது, மின்சாரம் இருந்தால் பேசும். தண்டவாளத்துக்கு மின்சாரம் வேண்டாம். ஒற்றை அடி, ஒவ்வோர் அடிக்கும் நடுவே ஒரு மூச்சு விடும் இடைவெளி என்றால் தண்ணீர். இரட்டை இரட்டையாக என்றால் அரிசி. நிறுத்தாமல் படபடவென்று அடித்தால் ஆள் எண்ணிக்கை.

அரிசி நாளில் வரிசையில் நிற்கும் பெண்கள் அப்பாவை வம்புக்கு இழுப்பார்கள். எங்கள் வீட்டுக்கு இந்தப் பக்கம் இருந்தவளை ரேடியோ அக்கா என்போம். வாய் மூடாது.

"என்ன தண்டவாளம், இந்த மாசம் அரிசியில கல்லா, கல்லுல அரிசியா?"

"நான் மணிதான் அடிக்கிறேன் தங்கச்சி. அரிசி அடிக்கிறவங்க உள்ளே இருக்காங்க, போய்க் கேளு."

எண்ணிக்கை நாளில் கேலி கிடையாது. முன்கூட்டிச் சொல்லமாட்டார்கள். மணி கேட்டதும் எங்கிருந்தாலும் ஓடி வந்து அவரவர் வாசலில் குடும்ப அட்டையோடு நிற்க வேண்டும். அதிகாரி ஒவ்வொரு வாசலாக வருவார். அவர் நம் கொட்டகையைக் கடந்து போகும்வரை வாசலை விட்டு ஓர் அடி நகரக் கூடாது. நகர்ந்தால் ஆள் இல்லை என்று பொருள். ஆள் இல்லையென்றால் பெயர் அடிபடும். பெயர் அடிபட்டால் அரிசி இல்லை, வேலைக்கு வெளியே போக அனுமதி இல்லை, பள்ளிச் சான்றிதழ் இல்லை, கடைசியில் முகாமில் இருக்கவே இடமில்லை. தூங்குகிற குழந்தையையும் தூக்கி வந்து முகத்தைக் காட்டுவார்கள். ஒருமுறை ரேடியோ அக்கா தலை நிறையச் சோப்பு நுரையோடு வந்து நின்றாள். "கண்ணு எரியுது, சீக்கிரம் எண்ணுங்க ஐயா. நுரையை வேணும்னா தனியா எண்ணிக்கங்க" என்றாள். அதிகாரிகூடச் சிரித்தார். ஆனால் அவள் வாசலை விட்டு நகரவில்லை.

எங்களுக்கு அந்தப் பக்கம் தையல்காரர். பலகைச் சுவருக்கு அப்பால் அவர் இயந்திரத்தின் சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும். உறவு ஒன்றுமில்லை, ஆனாலும் அவரும் அப்பாவும் மச்சான் என்றுதான் கூப்பிட்டுக்கொள்வார்கள். அதனால் எனக்கு அவர் மாமா, அவர் மனைவி அத்தை. அவர்களுக்கு ஒரே மகன். மெக்கானிக் கடையில் வேலை பழகிக்கொண்டிருந்தான். ஓர் எண்ணிக்கையின்போது அவன் வந்த பேருந்து நடுவழியில் நின்றுவிட்டது. அவன் வாசலுக்கு ஓடி வந்தபோது அதிகாரி இரண்டு வீடு தாண்டியிருந்தார். பெயர் அடிபட்டது.

மாமா அலுவலகத்துக்கு நடையாய் நடந்தார். "இங்கே சொல்லி ஒண்ணும் ஆகாது. அடுத்த எண்ணிக்கையில அதிகாரி வாசலுக்கு வரும்போது நேரா சொல்லுங்க" என்றார்கள். எப்போது வரும் அது? தெரியாது. பையன் முகாமுக்குள் ஒளிந்து வாழ்ந்தான். பகலில் வேலை, பொழுது சாய்ந்ததும் வேலி ஓரமாக உள்ளே. மாமா ஒவ்வொரு நாளும் காது தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். முகாமில் எல்லோரும் பயந்த மணியை அவர் ஒருவர்தான் எதிர்பார்த்திருந்தார்.

அந்த வருடம் மழை இல்லை. தண்ணீர் இரண்டு நாளுக்கு ஒருமுறை, சில வாரம் அதுவும் இல்லை. ஒற்றை மணி கேட்டால் குடத்தோடு ஓடுகிற ஓட்டத்தில் சனம் ஒருவர் மேல் ஒருவர் விழும். மாமாவிடம் ஒரு பெரிய டிரம் இருந்தது. கிழிந்த என் பள்ளிச் சட்டைக்கு அவர் மிச்சத் துணியில் புதுச் சட்டை தைத்துக் கொடுத்திருந்தார். அப்பா அதற்குப் பதிலாக ஒரு மாலை, வால்வை மூடும் முன் குழாயைக் கொஞ்சம் விட்டு, அந்த டிரம்மை நிரப்பிக் கொடுத்தார். யாருக்கும் தெரியாமல் செய்த உபகாரம்.

மறுநாள் தீப்பிடித்தது.

அப்பா சொன்னது, முகாம் வாசல் காவலர் சொன்னது, நான் பார்த்தது மூன்றையும் சேர்த்து எழுதுகிறேன்.

எங்கள் கொட்டகையின் ஒரு கோடியில் பூட்டிய சரக்கறை இருந்தது. மெத்தைகள், போர்வைகள், மண்ணெண்ணெய். அதையடுத்த அறை காலி. அங்கிருந்த குடும்பத்தை வேறு முகாமுக்கு மாற்றியிருந்தார்கள். அதற்கடுத்தது மாமா வீடு. அடுத்தது எங்களுடையது. கூரை எல்லாவற்றுக்கும் ஒன்றே.

உச்சி வெயில். அம்மாவும் அத்தையும் வெளியே பெட்டி அடைக்கும் கொட்டகைக்கு வேலைக்குப் போயிருந்தார்கள். எனக்குப் பள்ளி விடுமுறை. இடுப்பில் தம்பி. அப்பா தொட்டியின் ஏணியில் ஏறி, நீளக் குச்சியை விட்டு எவ்வளவு இருக்கிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார். குச்சியில் சேறுதான் வந்தது. நிமிர்ந்தபோது சரக்கறைக் கூரையின் பின்புற மூட்டிலிருந்து புகை வருவதைப் பார்த்தார்.

அதே நேரத்தில் முகாம் வாசல் கூண்டிலிருந்த காவலரும் பார்த்தார். அந்த மாதம்தான் வேலைக்குச் சேர்ந்தவர். எல்லோரும் 'புதுசு' என்று கூப்பிட்டோம். புகையைப் பார்த்தவுடன் எந்த ஊர் மனிதனும் செய்வதையே அவரும் செய்தார். ஓடிப் போய்க் கம்பியை எடுத்துத் தண்டவாளத்தை நிறுத்தாமல் படபடவென்று அடித்தார்.

முகாம் முழுவதும் வாசல்களை நோக்கி ஓடியது.

அப்பா ஏணியில் நின்று அதைப் பார்த்தார். குழாயடியில் காத்திருந்தவர்கள் குடத்தைப் போட்டுவிட்டு உள்ளே ஓடினார்கள். மைதானத்தில் விளையாடிய பிள்ளைகள் உள்ளே ஓடினார்கள். வேலிக்கு வெளியே விறகு பொறுக்கியவர்கள் உள்ளே வந்தார்கள். எரியப்போகிற கூரையின் அடியில் ஒவ்வொரு வாசலிலும் குடும்பம் குடும்பமாக வந்து, அட்டையைக் கையில் எடுத்துக்கொண்டு, நேராக நின்றார்கள். நானும் தம்பியைத் தூக்கிக்கொண்டு நின்றேன். வாசலில் நின்றால் கூரையின் மேல்புறம் தெரியாது. புகை நெடி வந்தது. எல்லா வீட்டிலும் விறகடுப்பு. புகை எங்களுக்குப் புதிதில்லை.

அப்பா இறங்கி ஓடிக்கொண்டே, "தீ! வெளியே வாங்க!" என்று கத்தினார். முதல் கொட்டகையில் இருந்த ஒருவர் எட்டிப் பார்த்துவிட்டு, "எங்கே? ஒண்ணும் தெரியலையே. எண்ணி முடிக்கட்டும், வர்றோம்" என்றார். மற்றவர்களுக்குக் கேட்கவே இல்லை. மணிச் சத்தத்தில் பிள்ளைகளைக் கூப்பிடும் சத்தம் வேறு.

தண்டவாளத்தின் அடியில் போய் நின்று, "நிறுத்துய்யா! இது எண்ணிக்கை மணி! எல்லாரையும் உள்ளே அனுப்பிட்டே!" என்றார்.

புதுசுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் முகம் வெளுத்துப்போனதாம். கம்பியைப் போட்டுவிட்டு எங்கள் கொட்டகைக்கு ஓடி வந்தார். சீருடை ஓடி வருவதைப் பார்த்ததும் அதிகாரி பின்னால் வருகிறார் என்று நினைத்து எல்லோரும் இன்னும் விறைப்பாக நின்றோம். ரேடியோ அக்கா சீப்பை எடுத்து என் தலையில் இரண்டு இழுப்பு இழுத்துவிட்டாள். "வெளியே போங்க, வெளியே போங்க" என்று அவர் கத்தினார். யார் போவார்கள்? போகச் சொல்லிவிட்டு ஆள் இல்லை என்று எழுதியதும் முன்பு நடந்திருக்கிறது.

அவர் திரும்பி ஓடினார். "யாரும் நகர மாட்டேங்கிறாங்க! என்கிட்ட அட்டையை நீட்டுறாங்க!"

அப்பா கம்பியைக் கையில் எடுத்தார். சரக்கறைக் கூரையின் மேல் அப்போது தீ நாக்கு தெரிந்தது. மூன்றாவது வாசலில் அவருடைய இரண்டு பிள்ளைகள் நிற்பது அவருக்குத் தெரியும். ஓடினால் எங்களைத் தூக்கிக்கொண்டு வந்துவிடலாம். மற்ற வாசல்களை அவர் ஒவ்வொன்றாக இழுத்துக் காலி செய்ய முடியாது.

ஓர் அடி அடித்தார். நிறுத்தினார். மூச்சு விடும் நேரம் காத்திருந்தார். அடுத்த அடி.

தண்ணீர் மணி.

அதை வேகமாக அடிக்க முடியாது. வேகமாக அடித்தால் எண்ணிக்கை மணியாகிவிடும். கூரையில் தீ ஓடுவதைப் பார்த்துக்கொண்டே ஒவ்வோர் அடிக்கும் நடுவே அவர் சும்மா நிற்க வேண்டியிருந்தது. அந்த இடைவெளிகளில் அவர் என்ன செய்தார் என்று புதுசிடம் பிறகு கேட்டேன். "ஒண்ணும் செய்யலை. பல்லைக் கடிச்சுக்கிட்டு மூச்சை இழுத்து விட்டாரு. அடி வேகமாயிடக் கூடாதுன்னு இன்னொரு கையால மணிக்கட்டைப் பிடிச்சிருந்தாரு" என்றார்.

எங்கள் வாசல்களில் குழப்பம். "எண்ணி முடிக்கலையே, அதுக்குள்ளே எப்படித் தண்ணி?" என்றார் ஒருவர்.

"எண்ணுறவன் நாளைக்கும் வருவான்யா. தண்ணி வருமா?" என்றாள் ரேடியோ அக்கா. குடத்தை எடுத்துவிட்டாள். அவள் நகர்ந்ததும் கொட்டகையே நகர்ந்தது. குடம், வாளி, பானை, பாத்திரம் உருளும் சத்தம். "ஏய், நிக்காதே, குடத்தை எடு!" என்று என்னைத் தள்ளினாள். அந்த அடி அப்பாவின் கை என்று எனக்குத் தெரிந்தது. வேறு யாராலும் அவ்வளவு சீராக அடிக்க முடியாது. தம்பி ஒரு பக்கம், குடம் ஒரு பக்கமாக ஓடினேன்.

ஓடும் முன் ரேடியோ அக்கா மாமாவைக் கூப்பிட்டது என் காதில் விழுந்தது. "அண்ணே, தண்ணி அண்ணே!"

"நமக்கு டிரம்முல இருக்கும்மா. நீங்க போங்க. அதிகாரி வரட்டும், பையன் பேரை இன்னைக்குக் கேட்காம விடமாட்டேன்."

சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டு, அட்டையை மார்போடு பிடித்துக்கொண்டு நின்றார்.

குழாயடி அலுவலகத்தின் பின்னால் இருந்தது. திறந்த மைதானம். குழாயில் சொட்டு வரவில்லை. "தண்டவாளத்துக்கு வெயில்ல மூளை காஞ்சுபோச்சா?" என்று ஒருவர் சத்தம் போட்டார். சிலர் சிரித்தார்கள். ரேடியோ அக்கா ஏதோ சொல்ல வாயைத் திறந்து, அலுவலகத்துக்கு மேலாகப் பார்த்து, அப்படியே நின்றுவிட்டாள். நாங்களும் திரும்பிப் பார்த்தோம். எங்கள் கூரை எரிந்துகொண்டிருந்தது.

அப்பா நின்ற இடத்திலிருந்து குழாயடி தெரியாது. நாங்கள் வந்தோமா இல்லையா என்று அவருக்குத் தெரியாது. தூரத்துக் கொட்டகைகளிலிருந்து கிழவர்களும் பிள்ளைத்தாய்ச்சிகளும் இன்னும் வந்துகொண்டிருந்தார்கள். மணி நின்றால் தண்ணீர் முடிந்தது என்று பொருள். வந்த வழியே வாசலுக்குத் திரும்பிவிடுவார்கள். அவர் நிறுத்தவில்லை.

அடித்துக்கொண்டிருந்தபோதுதான் டிரம் அவர் நினைவுக்கு வந்திருக்கிறது.

புதுசை ஓர் அதட்டு அதட்டினார். "ரெண்டாவது வாசல், தையல்காரர். அவருக்குத் தண்ணி இருக்கு, அவர் வரமாட்டாரு. போய் இழுத்துட்டு வா. சொன்னா கேட்கமாட்டாரு, இழு!"

புதுசு ஓடினார். அந்த நேரத்தில்தான் அம்மாவும் அத்தையும் வந்தார்கள். வெளியே வேலையில் இருந்தவர்கள் முதலில் கேட்ட எண்ணிக்கை மணிக்காக ஓடி வந்திருந்தார்கள். முகாம் வாசலைத் தாண்டியதும் தீயைப் பார்த்தார்கள். அத்தை நேராகக் கொட்டகையை நோக்கி ஓடினாள். அம்மா அப்பாவிடம் வந்தாள்.

"பிள்ளைங்க எங்கே?"

"தெரியலை." ஓர் அடி.

"தெரியலையா? தெரியாமலா இங்கே நின்னு அடிச்சுக்கிட்டிருக்கே?" அம்மா அவரை ஒருமையில் பேசியது அன்றுதான். கம்பியைப் பிடித்து இழுத்தாள். "விடு! விட்டுட்டு ஓடு! பெத்த பிள்ளைங்களை விட்டுட்டு எவனுக்கு அடிக்கிறே?"

"நிறுத்தினா எல்லாரும் திரும்பிடுவாங்க." அவர் கம்பியை விடவில்லை.

அம்மா கையை உதறிவிட்டுத் தீயை நோக்கி ஓடினாள்.

அவள் குரல் கேட்டு நான் அலுவலகத்தைச் சுற்றி வந்தேன். அப்பா எங்களைப் பார்த்தார். இடுப்பில் தம்பி, கையில் வெறுங்குடம். ஓர் அடி வர வேண்டிய இடத்தில் வரவில்லை. பிறகு வந்தது. அடித்துவிட்டு முகவாயால் கொட்டகைப் பக்கம் காட்டி, "அம்மா" என்றார். அவ்வளவுதான்.

நான் கத்தினேன். என் தொண்டையில் அப்படி ஒரு சத்தம் இருக்கும் என்று எனக்கே தெரியாது. அம்மா எங்கள் வாசல் அருகே போயிருந்தாள். திரும்பினாள். திரும்பிய தோளில் உருகிய தார் ஒரு சொட்டு விழுந்தது. அந்தத் தழும்பு இப்போதும் இருக்கிறது. அவள் வரும் வழியில் அத்தையின் புடவையைப் பிடித்து இழுத்துக்கொண்டே வந்தாள். அத்தை உதறிக்கொண்டிருந்தாள். அப்போது கூரை உள்ளே விழுந்தது. புகைக்குள்ளிருந்து புதுசு மட்டும் இரு கைகளையும் தூக்கியபடி வந்தார். கைகளில் தோல் இல்லை.

அவர் சொன்னது இது. மாமா சீருடையைப் பார்த்ததும் நிமிர்ந்து நின்று அட்டையை நீட்டினார். "ஐயா, என் பையன் அன்னைக்கு வந்துட்டான் ஐயா, பஸ்ஸுதான்..." என்று ஆரம்பித்தார். புதுசு அவர் கையைப் பிடித்து இழுத்தார். தன்னையும் வெளியேற்றப் பார்க்கிறார்கள் என்று மாமா நினைத்திருக்க வேண்டும். கதவு நிலையைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். "கேட்டுட்டுப் போங்க ஐயா, ஒரு நிமிஷம் கேட்டுட்டுப் போங்க" என்றார். கேட்க நேரமில்லை.

எங்கள் கொட்டகையும் அடுத்த கொட்டகையும் சாம்பலாயின. இறந்தவர் அவர் ஒருவர்தான்.

விசாரணை வைத்தார்கள். மரத்தடியில் மேசை போட்டு, முகாமே சுற்றி நின்றது. அதிகாரி அப்பாவைக் கேட்டார். "தொட்டியில தண்ணி இல்லை. தண்ணி மணி அடிக்கச் சொன்னது யாரு?"

"யாரும் சொல்லலை ஐயா."

"பின்னே?"

"எண்ணிக்கைக்கு நின்னவங்களை நகர்த்த வேற மணி இல்லை ஐயா."

"தீக்குன்னு தனியா ஒரு மணி வச்சிருக்கணும்ல?"

கூட்டத்திலிருந்து ரேடியோ அக்கா சொன்னாள்: "வச்சிருந்தா அதுக்கும் அட்டையோடதான் ஐயா நின்னிருப்போம்."

மின்கசிவு என்று எழுதி முடித்தார்கள். காரணம் தெரியாத தீக்கெல்லாம் எழுதும் வார்த்தை அது. என் தொழிலில் அதை நிறையப் பார்த்துவிட்டேன். அப்பாவுக்கு எச்சரிக்கை மட்டும். வேறு ஆள் கிடைக்கவில்லை என்பதால் வேலை நீடித்தது.

மைதானத்தில் கூடாரம் கொடுத்தார்கள். அம்மா அப்பாவிடம் பேசுவதை நிறுத்திவிட்டாள். "உங்கப்பாவைச் சாப்பிடச் சொல்லு" என்பாள், அவர் ஒரு முழ தூரத்தில் உட்கார்ந்திருப்பார். "உங்கம்மாகிட்ட சோறு ஆறட்டும்னு சொல்லு" என்பார். நான் சொல்வதற்குள் இருவருக்கும் கேட்டிருக்கும். இருந்தாலும் சொல்வேன்.

ஒரு நாள் அத்தை எங்கள் கூடாரத்துக்கு வந்தாள். உட்காரவில்லை.

"அண்ணே, டிரம்முல தண்ணி இருந்தது உங்களுக்குத் தெரியும்ல? நீங்கதானே நிரப்பினீங்க."

"தெரியும்மா."

"மணி அடிக்கும்போது ஞாபகம் இருந்துச்சா?"

பொய் சொல்லியிருக்கலாம். அம்மா பாத்திரம் தேய்ப்பதை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தாள்.

"ஆரம்பிக்கும்போது இல்லை. கொஞ்ச நேரம் கழிச்சு வந்துச்சு. புதுசை அனுப்பினேன். நான் போகலை."

"ஏன் போகலை?"

"நிறுத்த முடியலைம்மா."

அத்தை போய்விட்டாள். அப்பா தலையைத் தூக்கவில்லை. அம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்து, சோற்றைப் போட்டு அவர் முன்னால் வைத்து, "சாப்பிடுங்க" என்றாள். என் வழியாகச் சொல்லவில்லை.

தீக்குப் பிறகு முதல் எண்ணிக்கை வந்தது. வாசலே இல்லாத எங்களைக் கூடாரத்தின் முன்னால் நிற்கச் சொன்னார்கள். தீ விபத்துக்குப் பிறகு காவலைக் கடுமையாக்கியிருந்தார்கள். அட்டையில் பெயர் இல்லாதவர்களுக்கு உள்ளே அனுமதி இல்லை. மாமாவின் மகன் பல நாளாக வெளியே கடையிலேயே படுத்துக்கொண்டிருந்தான். அன்று மணி கேட்டு ஓடி வந்தவன் முகாம் வாசல் கம்பிகளைப் பிடித்துக்கொண்டு வெளியே நின்றான். இன்றைக்கும் தன் அம்மாவின் பக்கத்தில் நிற்காவிட்டால் இனி ஒரு முறை கிடைக்காது. அத்தை கூடாரத்தின் முன்னால் தனியாக நின்று வாசலையே பார்த்தாள். நகர்ந்தால் அவள் பெயரும் போய்விடும்.

வழக்கமாகச் சனம் நின்று அடங்கியதும் அதிகாரி கையைத் தூக்குவார், அப்பா நிறுத்துவார். அதிகாரி கையைத் தூக்கினார். அப்பா நிறுத்தவில்லை.

அதிகாரி மறுபடி தூக்கினார். மணி படபடவென்று அடித்துக்கொண்டே இருந்தது. அவர் அருகில் வந்து வாயைக் குவித்து ஏதோ கத்தினார். அப்பா காதைக் காட்டித் தலையை ஆட்டினார், கேட்கவில்லை என்று. பிள்ளைகள் காதைப் பொத்தினார்கள். அப்பாவின் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. நீளமாக அடிக்கும் மணியல்ல அது, கை ஓய்ந்துவிடும். ஒரு கை தளர்ந்ததும் மறு கைக்கு மாற்றினார். அம்மா உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள். அந்த வேலை போனால் எங்களுக்கு என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரியும்.

முகாம் வாசலில் புதுசு இருந்தார். கைகளில் தோல் இளஞ்சிவப்பாக ஆறியிருந்தது. வெளியே நிற்கும் பையனைப் பார்த்தார். தண்டவாளத்தைப் பார்த்தார். பிறகு தாழ்ப்பாளைத் தூக்கினார்.

பையன் ஓடி வந்து அத்தையின் பக்கத்தில் நின்றான். மணி நின்றது.

காதுக்குள் இரைச்சல் அடங்கச் சற்று நேரமாயிற்று. அதிகாரி முதலில் புதுசைப் பிடித்தார். "யாரைக் கேட்டுத் திறந்தே?"

"மணி அடிச்சு முடியற வரைக்கும் கேட்டைச் சாத்தக் கூடாதுன்னு உத்தரவு இருக்கே ஐயா."

அப்பாவிடம் திரும்பினார். "உனக்கு என்ன வந்தது? நிறுத்துன்னா நிறுத்தத் தெரியாதா?"

"தெரியும் ஐயா. ஒரு ஆள் வர வேண்டியிருந்துச்சு."

அதிகாரி வியர்வையைத் துடைத்தார். கூடாரம் கூடாரமாக நடந்தார். அத்தையின் முன்னால் வெகுநேரம் நின்றார். பையனின் கையிலிருந்த எண்ணெய்க் கறையைப் பார்த்தார். "தீயில போனது உன் அப்பன்தானே?" என்று கேட்டார். அவன் ஆமாம் என்றான். பெயரை எழுதிக்கொண்டார்.

எண்ணிக்கை முடிந்ததும் அத்தை தண்டவாளத்தடிக்கு வந்தாள். அப்பா உள்ளங்கையை வேட்டியில் துடைத்துக்கொண்டிருந்தார். கொப்புளம் உடைந்திருந்தது. நான் அவருக்குத் தண்ணீர் கொண்டு போயிருந்தேன்.

"அண்ணே, இதோட சரியாப் போச்சுன்னு நினைச்சுடாதீங்க."

"நினைக்கலைம்மா."

"நல்லதுக்குத்தான் தண்ணி விட்டீங்க. அதுவும் எனக்குத் தெரியும். தெரிஞ்சும் மனசு ஆற மாட்டேங்குது."

"ஆறவேண்டாம்மா."

பிறகு, பையனுக்குப் பசிக்கும் என்று சொல்லிவிட்டுப் போனாள். அப்பா நான் கொடுத்த தண்ணீரில் பாதியைக் குடித்து, மீதியைக் கையில் ஊற்றிக்கொண்டார். தண்ணீர் லாரி வந்து தொட்டியடியில் நின்றிருந்தது. வால்வைத் திறக்கப் போனார்.